சீரியல் இயக்குநர் ஆவது எப்படி? கிளாப் பலகையிலிருந்து சொந்தத் தயாரிப்பு வரை

சென்னை சாலிகிராமத்திலோ வளசரவாக்கத்திலோ ஏதாவது ஒரு ஷூட்டிங் வீட்டு வாசலில் ராத்திரி எட்டரை மணிக்குப் போய் நின்று பாருங்கள். புரொடக்‌ஷன் மேனேஜர் வந்து, இயக்குநருக்கு அடுத்த நிலையில் இருக்கும் கோ-டைரக்டரிடம் ஒரே கேள்விதான் கேட்பார்: "இன்னைக்கு எத்தனை நிமிஷம் தேறுச்சு?" காட்சி நன்றாக வந்ததா என்று கேட்க மாட்டார். அதைக் கேட்க வேறு ஆட்கள் இருக்கிறார்கள், அவர்கள் வியாழக்கிழமை ரேட்டிங் வந்த பிறகு கேட்பார்கள்.

இந்தத் தொழிலுக்கு வர நினைப்பவர் முதலில் போட்டுப் பார்க்க வேண்டிய கணக்கு அந்த நிமிடக் கணக்கு. அரை மணி நேரத் தொடரில் விளம்பரமும் டைட்டிலும் முன்கதையும் போக நீங்கள் புதிதாக எடுத்துக் கொடுக்க வேண்டியது ஏறக்குறைய 21 நிமிடம். திங்கள் முதல் சனி வரை ஒளிபரப்பு என்றால் மாதத்துக்கு 26 எபிசோடு, 546 நிமிடம். இரண்டேகால் மணி நேரப் படமாக வைத்துப் பார்த்தால் மாதம் நான்கு படம். படப்பிடிப்புக்கு 20 நாள் கிடைக்கிறது என்று வைத்துக்கொண்டால் நாளொன்றுக்கு 27 நிமிடம் எடுத்தாக வேண்டும். சினிமாவில் ஒரு நாளைக்கு இரண்டு மூன்று நிமிடம் தேறினாலே நல்ல நாள் என்பார்கள்.

இந்த 27 நிமிடத்தைத் தினமும் கொண்டுவரத் தெரிந்தவர்தான் டிவி இயக்குநர். அதற்கு ஆகும் செலவைத் தாங்கத் தெரிந்தவர் தயாரிப்பாளர். கலை எங்கே என்று கேட்பீர்கள். அந்த 27-க்குள் எந்த இரண்டு நிமிடத்துக்கு மெனக்கெடுவது என்று முடிவு செய்வதில் இருக்கிறது. கீழே சொல்வதெல்லாம் அந்த இடத்துக்குப் போய்ச் சேரும் வழி.

எந்தத் தயாரிப்பாளர்?

சினிமாவில் தயாரிப்பாளர் என்றால் பணம் போடுபவர், அவ்வளவுதான். டிவியில் அந்த ஒரே சொல்லுக்குள் மூன்று ஆட்கள் இருக்கிறார்கள். தொடரை எடுத்து சேனலுக்குக் கொடுக்கும் நிறுவனத்தின் முதலாளி ஒருவர். சேனலில் சம்பளம் வாங்கிக்கொண்டு அந்தத் தொடரைக் கண்காணிக்கும் எக்ஸிக்யூட்டிவ் புரொடியூசர் இன்னொருவர், யூனிட்டில் இவருக்குப் பெயர் 'இ.பி.' மூன்றாமவர், விவாதம், பாட்டுப் போட்டி, சமையல் போன்ற நிகழ்ச்சிகளை விருந்தினரை அழைப்பதிலிருந்து எடிட் வரை இழுத்துக்கொண்டு போகும் ஷோ புரொடியூசர். இவருக்குப் பல இடங்களில் இயக்குநர் வேலையும் சேர்ந்தே வரும்.

சென்னை தூர்தர்ஷன் 1975-இல் தொடங்கியது. அந்தக் காலத்து நிலையப் புரொடியூசர் பெரும்பாலும் இயக்குநரும் அவரேதான். 1990-களில் கே. பாலசந்தர் சின்னத்திரைக்கு வந்தார். அவருடைய மின்பிம்பங்கள் நிறுவனம் எடுத்த தொடர்களில் நாகா போன்ற இயக்குநர்கள் தெரியவந்தார்கள். 1993-இல் சன் டிவி வந்து, தினசரித் தொடர் என்ற வடிவம் வேரூன்றிய பிறகுதான் இன்று நாம் பார்க்கும் தொழில் உருவானது. 2002-இல் தொடங்கிய 'மெட்டி ஒலி'யை இயக்கிய திருமுருகனும், 2003-இல் தொடங்கிய 'கோலங்கள்' இயக்கிய திருச்செல்வமும் இந்தப் பாதையின் தெளிவான உதாரணங்கள். இருவரும் இயக்கினார்கள், அதே தொடர்களில் நடித்தார்கள், வீட்டில் பெயர் சொல்லிப் பேசப்படும் இயக்குநர்கள் ஆனார்கள். திருமுருகன் பிறகு சொந்த நிறுவனத்தில் 'நாதஸ்வரம்' எடுத்தார். அதன் ஆயிரமாவது எபிசோடை 2014-இல் நேரலையாகவே ஒளிபரப்பினார்கள்.

நான் அதிகம் பேசப்போவது தொடர் பக்கம். நான் சோறு தின்ற இடம் அது.

படி 1: படிப்பு

படித்துத்தான் வரவேண்டும் என்பதில்லை. ஆனால் படித்தவருக்கு முதல் இரண்டு வருடம் மிச்சமாகும். தரமணியில் இருக்கும் எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, ஒலிப்பதிவு என்று தனித்தனிப் பட்டப்படிப்புகள் உண்டு. அரசுக் கட்டணம் என்பதால் நடுத்தர வீட்டுப் பிள்ளைகளுக்கு அதுதான் முதல் தேர்வு. புனே திரைப்படக் கல்லூரியில் தொலைக்காட்சிக்கென்றே தனிப் பிரிவு இருக்கிறது. கொல்கத்தா சத்யஜித் ரே நிறுவனத்திலும் மின்னணு ஊடகத்துக்குத் தனிப் பிரிவு உண்டு. சென்னையில் லயோலா முதல் எத்தனையோ கல்லூரிகளில் விஸ்காம் இருக்கிறது.

எங்கே படித்தாலும் ஒன்றைச் செய்யுங்கள்: எடிட்டிங் மென்பொருள் ஒன்றை நன்றாகப் பழகிக்கொள்ளுங்கள். எந்த ஷாட் தேவையில்லை என்பது எடிட் மேசையில் உட்கார்ந்தவனுக்குத்தான் தெரியும். நாளொன்றுக்கு 27 நிமிடம் எடுக்க வேண்டியவனுக்கு அந்த அறிவு பெரிய சொத்து.

படி 2: உள்ளே நுழைவது

வேலை விளம்பரம் எல்லாம் வராது. அசிஸ்டன்ட் தேவை என்பது கோ-டைரக்டருக்கு மட்டும் தெரியும், அவர் தனக்குத் தெரிந்த நாலு பேரிடம் சொல்வார். ஆகவே பிடிக்க வேண்டியது இயக்குநரை அல்ல, கோ-டைரக்டரை. தொடர் முடிந்ததும் ஓடும் பெயர்ப் பட்டியலை நிறுத்திப் படியுங்கள். கோ-டைரக்டர், அசோசியேட், புரொடக்‌ஷன் மேனேஜர் என்று எல்லாப் பெயரும் அதில் இருக்கும். ஒரு தொடரைத் தேர்ந்தெடுத்து முப்பது நாற்பது எபிசோடு பார்த்துவிட்டுப் போங்கள். "சார், உங்க சீரியல்ல மூத்த மருமக ட்ராக் ரெண்டு வாரமா காணோமே" என்று ஒருவன் கேட்டால், அவனை உட்காரச் சொல்லி டீ கொடுப்பார்கள். சினிமாக் கதை வைத்திருக்கிறேன், அதற்குமுன் கொஞ்ச நாள் இங்கே இருக்கிறேன் என்று சொன்னால் டீ கிடைக்காது.

முதல் சில மாதம் பேட்டா மட்டும்தான் கிடைக்கலாம். திரைப்படத் தொழிலாளர் சம்மேளனமான பெப்சியின் கீழ் வரும் சங்கங்களில் உறுப்பினர் அட்டை வாங்குவதற்குத் தனிக் கட்டணமும் நடைமுறையும் உண்டு. முதல் தொடரில் நிலைத்த பிறகு கோ-டைரக்டரிடமே கேட்டால் வழி சொல்வார். சென்னையில் தங்க இடமும் ஆறு மாதச் சாப்பாட்டுச் செலவும் கையில் இல்லாமல் கிளம்பி வராதீர்கள். இதைச் சொன்னால் சிலருக்குக் கோபம் வரும், பசியோடு போராடி ஜெயித்தவர்களின் கதைகளைச் சொல்வார்கள். பசியோடு ஊருக்குத் திரும்பிப் போனவர்களை நான் அதிகம் பார்த்திருக்கிறேன்.

படி 3: உதவி இயக்குநர், அல்லது நோட்டுப் புத்தகம்

கிளாப் அடிப்பது, நடிகரை மேக்கப் அறையிலிருந்து அழைத்து வருவது, சீன் பேப்பரைப் பிரதி எடுத்துக் கொடுப்பது எல்லாம் வேலைதான். ஆனால் ஒரு அசிஸ்டன்ட்டின் மதிப்பு இரண்டு விஷயத்தில் தெரியும்: கன்டினியூட்டி (ஷாட்டுக்கு ஷாட் எதுவும் மாறாமல் பார்த்துக்கொள்வது), ப்ராம்ப்டிங் (வசனம் எடுத்துக்கொடுப்பது).

கன்டினியூட்டி பற்றி என் மானம் போன கதையையே சொல்கிறேன். நான் இரண்டாவது அசிஸ்டன்ட். கதாநாயகி மாடிப்படியில் விழுந்து கையில் கட்டு. ஆஸ்பத்திரிக் காட்சிகளை எடுத்தபோது கட்டு இடது கையில். அவர் வீடு திரும்பும் காட்சியைப் பன்னிரண்டு நாள் கழித்துத்தான் எடுக்க முடிந்தது, இடையில் அந்த அக்காவுக்கு வேறு தொடரில் தேதி. மேக்கப் அண்ணன் பஞ்சைக் கையில் வைத்துக்கொண்டு "எந்தக் கைப்பா?" என்றார். நோட்டு மாடியில் இருந்தது. ஏறச் சோம்பல்பட்டு "வலதுண்ணே" என்று சொல்லிவிட்டேன்.

எடிட்டில்தான் தெரிந்தது. ராத்திரி இரண்டு மணி, மறுநாள் சாயங்காலம் ஒளிபரப்பு. எடிட்டர் ஒன்றும் சொல்லாமல் ஷாட்டை இடவலமாகத் திருப்பிப் போட்டார். கட்டு இடது கைக்கு வந்துவிட்டது. கூடவே மூக்குத்தி இடம் மாறியது, முந்தானை வலது தோளுக்குப் போனது, சுவரில் இருந்த முருகன் காலண்டரில் தேதியெல்லாம் கண்ணாடியில் பார்த்த மாதிரி நின்றது. "கட்டைச் சரி பண்ணிட்டேன் தம்பி. முருகனை என்ன பண்றதுன்னு நீ சொல்லு" என்றார். கடைசியில் திருப்பியதைக் கைவிட்டு, கையே தெரியாதபடி எல்லா ஷாட்டையும் முகம் வரை பெரிதாக்கிப் போட்டோம். ஆறு நிமிடக் காட்சி மூன்றரை நிமிடமாகச் சுருங்கியது. பற்றாக்குறையை அடைக்க அவர் மாடிப்படியில் விழுந்ததையே ஃப்ளாஷ்பேக்காக மறுபடி போட்டோம். சீரியலில் காரணமில்லாமல் வரும் ஃப்ளாஷ்பேக்குகள் பலவும் இப்படிப் பிறந்தவைதான்.

இப்போது கைபேசி இருக்கிறது. ஒவ்வொரு காட்சியின் முதல் ஷாட்டுக்கு முன்னும் கடைசி ஷாட்டுக்குப் பின்னும் நடிகரை மூன்று படம் எடுங்கள்: முகம், இரண்டு கைகள், முழு உருவம். கைகள் மிக முக்கியம், வளையல், மோதிரம், கைக்கடிகாரம் மாறுவதைத்தான் பார்க்கிறவர்கள் முதலில் கண்டுபிடிக்கிறார்கள். படத்தை சீன் எண் போட்டுத் தனித்தனியாக வையுங்கள். பூ வைத்திருந்தால் எத்தனை முழம், எந்தப் பக்கம் என்றும் எழுதுங்கள். காலையில் வைத்த மல்லிகை சாயங்காலம் வாடிவிடும். கதையில் அது பத்து நிமிட இடைவெளி என்றால் மாலையில் புதுப் பூ வாங்கி வைக்க வேண்டும்.

அடுத்தது ப்ராம்ப்டிங். முன்னணி நடிகைகள் பலருக்குத் தாய்மொழி கன்னடம், மலையாளம், தெலுங்கு. கேமராவுக்குப் பக்கத்தில் நின்று நீங்கள் வசனத்தைச் சொல்ல, அவர்கள் கேட்டுக்கொண்டே பேசுவார்கள். பிறகு டப்பிங்கில் வேறு குரல். இதில் எங்கே உடைத்துச் சொல்கிறோம் என்பதுதான் கலை. "நீங்க இப்படிப் பேசுவீங்கன்னு நான் கனவுலகூட நினைக்கல மாமா" என்ற வரியை மூச்சு விடாமல் சொன்னால் அவர் திணறுவார், வார்த்தை வார்த்தையாகச் சொன்னால் முகத்தில் எதுவும் வராது. "நீங்க இப்படிப் பேசுவீங்கன்னு" என்று ஒரு வீச்சு, அவர் பேசி முடிக்கும் கடைசி அசையின் மேலேயே "நான் கனவுலகூட நினைக்கல" என்று அடுத்தது, பிறகு ஒரு நொடி விட்டு "மாமா". அந்த ஒரு நொடியில்தான் கண் கலங்கும். நல்ல ப்ராம்ப்டர் குரலில் உணர்ச்சியை ஏற்ற மாட்டான், தாளத்தை மட்டும் கொடுப்பான். இரண்டு வருடம் இதைச் செய்தவனுக்கு நடிகரை இயக்குவது எப்படி என்று யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

படி 4: ஷெட்யூல் போடக் கற்றுக்கொள்வது

அசோசியேட், கோ-டைரக்டர் என்று மேலே வரும்போது நோட்டு போய், எந்த நடிகர் எந்தத் தேதியில் கிடைப்பார் என்று காட்டும் டேட் சார்ட் வரும். மாமியாராக நடிப்பவர் மூன்று தொடரில் இருப்பார். உங்களுக்கு மாதம் எட்டு நாள்தான். மாமனாருக்குப் பத்து நாள். இருவரும் சேர்ந்து கிடைப்பது நான்கே நாள். கதையின் உச்சக் கட்டமோ இருவரும் நேருக்கு நேர் நிற்கும் காம்பினேஷன் காட்சி. அந்த நான்கு நாளில் அடுத்த மாதத்துக்கும் சேர்த்து எடுத்து வைக்க வேண்டும். ஆனால் அடுத்த மாதக் கதை இன்னும் எழுதப்படவில்லை! வசனம் முந்தின நாள் ராத்திரி பதினோரு மணிக்கு வாட்ஸ்அப்பில் வரும், சில நாள் காலையில் லைட் வைத்த பிறகுதான் வரும். ஆகவே கோ-டைரக்டர் எழுத்தாளரிடம் பேசிக்கொண்டே இருக்க வேண்டும். "அண்ணே, இருபத்திரண்டாம் தேதிக்கு மேல மாமியார் இல்ல, காசிக்கு அனுப்பிடுங்க" என்பது இந்தத் தொழிலில் ஒரு சாதாரணத் தொலைபேசி உரையாடல்.

எந்த நடிகரும் ஒருநாள் வராமல் போகலாம் என்று வைத்துக்கொண்டே ஷெட்யூல் போடுங்கள். 'இனி இவருக்குப் பதில் இவர்' என்ற அறிவிப்பை ஊரே கிண்டல் செய்கிறது. அந்த அறிவிப்புக்கு முந்தின பத்து நாள் யூனிட் பட்ட பாடு யாருக்கும் தெரியாது.

ஒளிபரப்புக்கு முன்னால் கையிருப்பாக இருக்கும் எபிசோடுகளுக்கு 'பேங்க்' என்று பெயர். பத்து எபிசோடு பேங்க் இருக்கும் இயக்குநர் இரவில் தூங்குகிறார். இரண்டு இருப்பவர் எடிட் அறையில் தூங்குகிறார். 2020 மார்ச்சில் படப்பிடிப்புகள் நின்றபோது எல்லா பேங்கும் சில நாளில் தீர்ந்து பழைய தொடர்கள் மறு ஒளிபரப்பாயின. மே இறுதியில் 60 பேருடன் எடுக்கலாம் என்று அரசு அனுமதித்த பிறகுதான் மூச்சு வந்தது.

படி 5: எபிசோட் டைரக்டர்

முதல் வாய்ப்பு பெரும்பாலும் செகண்ட் யூனிட்டாக வரும். இயக்குநர் ஒரு வீட்டில் எடுத்துக்கொண்டிருப்பார், பேங்க் குறைந்துவிட்டது என்று உங்களிடம் இன்னொரு கேமராவைக் கொடுத்து கோயில் காட்சியை எடுத்து வரச் சொல்வார்கள். அன்றைக்கு உங்கள் முத்திரையைப் பதிக்க நினைக்காதீர்கள். அவர் எடுக்கிற மாதிரியே எடுத்து வாருங்கள். வித்தியாசம் தெரியாதபடி எடுப்பவனைத்தான் திரும்பக் கூப்பிடுவார்கள்.

சரி, காட்சியை எப்படிப் பிரிப்பது? சாப்பாட்டு மேசையில் ஏழு பேர், நான்கு பக்க வசனம், மூத்த மகன் தனிக்குடித்தனம் போகப் போவதாகச் சொல்கிறான். கையில் இருப்பது ஒன்றரை மணி நேரம்.

முதலில் சீன் பேப்பரைப் படித்துவிட்டு யார் மனசு எந்த வரியில் மாறுகிறது என்று பாருங்கள். இங்கே அப்பா. மகன் சொல்லி முடித்ததும் அவர் ஒன்றும் பேசாமல் தட்டைத் தள்ளி வைக்கிறார். மெனக்கெட வேண்டியது அந்தத் தட்டுக்கும் கைக்கும், அதைப் பார்க்கும் அம்மாவின் முகத்துக்கும். மற்றதெல்லாம் சுத்தமாக இருந்தால் போதும்.

முழுக் காட்சியையும் ஒரு மாஸ்டராக, அதாவது எல்லோரும் தெரியும் ஒரே அகலமான ஷாட்டாக ஓட்டுங்கள். பிழை இருந்தாலும் நிறுத்தாதீர்கள், எல்லோருக்கும் ஒத்திகை ஆகிவிடும். பிறகு மேசைக்குக் குறுக்கே ஒரு கோடு இருப்பதாக நினைத்துக்கொண்டு கேமராவை ஒரே பக்கம் வையுங்கள். அப்பா பக்கம் பார்க்கும் முகங்களுக்கு லைட் வைத்தாயிற்று என்றால், அந்தப் பக்கத்து குளோஸ், சஜஷன் (எதிரில் இருப்பவரின் தோள்மேலாக எடுப்பது), டூ ஷாட் எல்லாவற்றையும் வசன வரிசையை மறந்துவிட்டு மொத்தமாக முடித்துவிடுங்கள். அதன் பிறகு ஒரே ஒரு தடவை லைட் திரும்பட்டும். வசன வரிசைப்படி மாறி மாறி எடுத்தால் ஒவ்வொரு தடவையும் லைட் திருப்ப இருபது நிமிடம் போகும், அன்றைய 27 நிமிடம் 15 ஆகும். கடைசியில் ஏழு பேரிடமும் பேசாமல் பார்க்கும் லுக் ஒன்று பத்துப் பத்து நொடி வாங்கி வையுங்கள். வசனம் சரியாக வராத இடத்தை எடிட்டர் அந்த லுக்குகளை வைத்துத்தான் ஒட்டுவார். ஒரே லுக்கை மூன்று தடவை மின்னல் வெட்டுச் சத்தத்தோடு போடுவது அவர் விருப்பம், அந்தப் பாவத்தில் நமக்குப் பங்கில்லை.

தட்டைத் தள்ளும் கையை எப்போது எடுப்பது? எல்லோரும் கடைசியில் வைத்துக்கொள்வார்கள், அதற்குள் ஒன்பது மணி ஆகிவிடும், கை ஷாட் போய்விடும். நான் அதை மாஸ்டர் முடிந்ததும் எடுத்துவிடுவேன். சோறும் சாம்பாரும் அப்போதுதான் புதிதாக இருக்கும், நடிகரும் அப்போதுதான் புதிதாக இருப்பார்.

எபிசோடு முடியும் இடம் தனிப் பாடம். ஒரு கேள்வியோடு நிற்க வேண்டும், ஆனால் மறுநாள் முதல் நிமிடத்திலேயே அதை ஏமாற்றாகக் கலைத்துவிடக் கூடாது. கதவு தட்டும் சத்தத்தில் தொடரும் போட்டுவிட்டு, மறுநாள் திறந்தால் பால்காரர் என்று இரண்டு தடவை செய்யலாம். மூன்றாவது தடவை ரிமோட் பேசும்.

ஷோ பக்கம் போகிறவருக்கு

விவாதம், பாட்டு, நடனம், ரியாலிட்டி எல்லாம் வேறு விளையாட்டு. எட்டுப் பத்து கேமராவின் படங்களைத் திரைச்சுவரில் ஒரே நேரத்தில் பார்த்துக்கொண்டு, கேமராமேன்களோடு பேசும் டாக்பேக்கில் "மூணு, ஜட்ஜ் முகத்துக்குப் போ... இரு... டேக் மூணு" என்று சொல்லிக்கொண்டிருக்க வேண்டும். கையில் ரன்டவுன். எந்தப் பகுதி எத்தனை நிமிடம், எங்கே விளம்பர இடைவேளை என்பது அதில் இருக்கும். இங்கே இயக்குநரைவிட ஷோ புரொடியூசரின் கைதான் ஓங்கியிருக்கும், ஏனென்றால் யாரை மேடையேற்றுவது என்பதிலேயே பாதி நிகழ்ச்சி முடிவாகிவிடுகிறது. சினிமாவுக்குப் போக ஆசைப்படுபவருக்கும் இது மோசமான வழி அல்ல. நெல்சன் திலீப்குமார் விஜய் டிவியில் வேலை பார்த்துவிட்டுத்தான் படம் எடுக்கப் போனார்.

படி 6: சேனலிடம் கதை சொல்வது

தனியாகத் தொடர் கேட்டுப் போகும்போது கையில் இருக்க வேண்டியவை: ஒரு பக்கத்தில் ஒன்லைன் என்னும் கதைச் சுருக்கம், முக்கியப் பாத்திரங்களின் குணம், முதல் இருபத்தைந்து எபிசோடின் காட்சி வரிசை, முதல் நூறு எபிசோடுக்குக் கதை எங்கே போகும் என்ற ட்ராக். உங்கள் கதையின் முடிவை யாரும் கேட்க மாட்டார்கள். 'இந்தப் பெண்ணுக்குத் தினமும் என்ன பிரச்சினை?' என்றுதான் கேட்பார்கள். போகுமுன் தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர்கள் சங்கத்தில் கதையைப் பதிந்து வைப்பது நல்லது.

வேறு மொழித் தொடரைத் தமிழில் எடுக்கச் சொல்லியும் கொடுப்பார்கள். 2020-இல் தொடங்கிய 'பாக்கியலட்சுமி' வங்காளத் தொடரிலிருந்து வந்தது. இங்கிருந்து வெளியே போனதும் உண்டு: 'பாண்டியன் ஸ்டோர்ஸ்' 2021-இல் இந்திக்குப் போனது. ரீமேக் என்றால் இளக்காரம் வேண்டாம். கொல்கத்தா வீட்டுச் சண்டையைக் காரைக்குடி வீட்டுக்குக் கொண்டுவரும்போது யார் யாரை எப்படிக் கூப்பிடுவார், யார் முன்னால் யார் உட்கார மாட்டார் என்பதை எல்லாம் மாற்றி எழுத வேண்டும். அதில் தவறினால் முதல் வாரமே வீட்டில் இருப்பவர்கள் அந்நியமாக உணர்ந்துவிடுவார்கள்.

தொடங்கியபின் வியாழக்கிழமைகள். டிவி பார்வையாளர் எண்ணிக்கையை அளக்கும் பார்க் அமைப்பு வாராவாரம் தரும் ரேட்டிங் அன்றைக்குத்தான் வரும். நல்ல எண் வந்தால் இ.பி. காலையிலேயே கூப்பிடுவார். மத்தியானம் வரை போன் வராவிட்டால் ட்ராக் மாறப் போகிறது என்று அர்த்தம். இளம் இயக்குநர்கள் இதில் மனமுடைந்து போவதைப் பார்த்திருக்கிறேன். எண் விழுந்த வாரத்தில் எதிர் சேனலில் திருமணக் காட்சி இருந்ததா, கிரிக்கெட் இருந்ததா என்று பார்த்துவிட்டுக் கதையில் கை வையுங்கள்.

படி 7: சொந்தத் தயாரிப்பு

பழைய முறையில் தயாரிப்பாளர் சேனலுக்கு ஒளிபரப்புக் கட்டணம் கட்டி நேரத்தை வாங்குவார். பதிலுக்குக் கிடைக்கும் விளம்பர நிமிடங்களைத் தானே விற்றுக் காசு பார்ப்பார். லாபம் வந்தால் கொட்டும், விளம்பரம் விற்காவிட்டால் வீடு போகும். இப்போது அதிகம் இருப்பது கமிஷன் முறை: ஒரு எபிசோடுக்கு இவ்வளவு என்று சேனல் கொடுக்கும், தொடரின் உரிமை சேனலுக்குப் போய்விடும். ஆபத்து குறைவு, மேல்வரும்படியும் குறைவு. மறு ஒளிபரப்பு, டப்பிங், ஓ.டி.டி. எதிலும் உங்களுக்குப் பங்கில்லை என்று ஒப்பந்தத்தில் இருக்கும், படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். ஒரு விஷயம் இயக்குநர்கள் பலருக்குத் தெரியாது: பதிப்புரிமைச் சட்டப்படி படத்தின் 'ஆசிரியர்' தயாரிப்பாளர்தான், இயக்குநர் அல்ல.

கமிஷன் முறையில் ஆளைச் சாய்ப்பது நஷ்டத்தைவிடப் பணம் வரும் காலம். ஒரு எபிசோடுக்கு 1 லட்சம் செலவு என்று கணக்குக்காக வைத்துக்கொள்வோம். ஒளிபரப்பாகி மூன்று மாதம் கழித்துப் பணம் வருகிறது என்றால், முதல் காசோலை வருமுன் 78 எபிசோடு, 78 லட்சம் உங்கள் கையிலிருந்து போயிருக்கும். பில் போட்டதற்கு 18 சதவீத ஜி.எஸ்.டி.யை அடுத்த மாதமே கட்ட வேண்டும், சேனல் பணம் வந்ததா என்று அரசு கேட்காது. வட்டிக்கு வாங்கி இதை ஓட்டினால் நூறாவது எபிசோடில் லாபம் வட்டிக்காரருடையது. மூன்று மாதச் செலவுக்குச் சொந்தப் பணமோ பங்காளியோ இல்லாமல் இறங்காதீர்கள்.

செலவைக் குறைக்கும் இடங்கள் இருக்கின்றன. ஒரே ஷூட்டிங் வீட்டில் கீழே கதாநாயகி வீடு, மாடியில் வில்லி வீடு, பின்பக்கம் ஆஸ்பத்திரி என்று எடுக்கலாம். ஒன்பது மணிக்குமேல் இழுக்காமல் கூடுதல் கால்ஷீட்டைத் தவிர்க்கலாம். வெளிப்புறக் காட்சிகளை ஒரே நாளில் சேர்க்கலாம். சாப்பாட்டில் மட்டும் கை வைக்காதீர்கள். மதியம் ரசம் தண்ணீராக இருந்த நாளில் சாயங்காலம் எட்டு நிமிடம் குறையும், நான் எழுதி வைத்துப் பார்த்திருக்கிறேன்.

சட்டம் பற்றிச் சுருக்கமாக. தொடர்களுக்குப் படங்களைப் போல் முன்கூட்டித் தணிக்கை கிடையாது, ஆனால் 1994-ஆம் ஆண்டுக் கேபிள் டிவி விதிகளில் உள்ள நிகழ்ச்சி நெறிமுறை பொருந்தும். குழந்தை நடிக்கிறதென்றால் 2017 முதல் உள்ள விதிகள் கடுமை: மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும், நாளில் ஐந்து மணி நேரத்துக்குமேல் கூடாது, ஓய்வில்லாமல் மூன்று மணி நேரம் தாண்டக் கூடாது, தொடர்ந்து 27 நாளுக்குமேல் வேலை வாங்கக் கூடாது, வருமானத்தில் குறைந்தது 20 சதவீதம் குழந்தையின் பெயரில் வைப்பாகப் போட வேண்டும். கதாநாயகனின் கைபேசி ஒலிக்கும்போது வரும் சினிமாப் பாட்டுக்கும் உரிமை வாங்க வேண்டும். அதற்குப் பதில் சாதாரண மணிச் சத்தம் போதும்.

தொடர் முடியும் நாள்

அது போனில் வரும். "மூணு வாரத்துல முடிச்சிடுங்க சார்." பதினெட்டு எபிசோடு. உடனே எழுத்தாளரோடு உட்கார்ந்து, பார்க்கிறவர்கள் உண்மையில் காத்திருப்பது எந்த இரண்டு கேள்விக்கு என்று பாருங்கள். அவற்றுக்கு மட்டும் நேரம் கொடுங்கள், மற்ற ட்ராக்குகளை ஒரு வசனத்தில் கட்டிவிடலாம். நடிகர்கள் அதற்குள் அடுத்த தொடருக்குத் தேதி கொடுத்திருப்பார்கள், அதனால் கிளைமாக்ஸ் காம்பினேஷனை முதல் வாரமே எடுத்துவிடுங்கள். பாக்கியைத் தீர்க்கும்போது லைட்மேன், புரொடக்‌ஷன் பையன்களிலிருந்து ஆரம்பித்து மேலே போங்கள். அடுத்த தொடருக்கு நீங்கள் கூப்பிட்டதும் வருபவர்கள் அவர்கள்தான்.

கடைசி ஷாட் முடிந்ததும் பூசணிக்காய் உடைப்பார்கள். மறுநாள் காலை அதே வீட்டில் வேறு யூனிட் கிளாப் அடிக்கும். கூடத்துச் சுவரில் மாட்டியிருக்கும் உங்கள் கதைக் குடும்பத்தின் படங்களை மறக்காமல் கழற்றிக்கொண்டு வாருங்கள். மாலை போட்ட அந்தத் தாத்தா, புதிதாக வரும் தொடரில் உயிரோடு இருப்பார்.